எட்வர்ட் புரூக்: கறுப்பினத் தலைவரா, வெறும் சட்டக்காரரா?

படிக்கட்டு_வக்கீல் எழுதியது:

கமலா ஹாரிஸ் இழையில் ஒரு நண்பர், மாநில அட்டர்னி ஜெனரலாக இருந்து அமெரிக்க செனட்டுக்குப் போன முதல் கறுப்பினத்தவர் அவர்தான் என்று எழுதிவிட்டுப் போனார். துளசேந்திரபுரத்துக்காரரின் பேத்தி என்கிற பாசத்தில் யாரும் மறுக்கவில்லை. கறுப்பினப் பெண்களில் முதல் என்றால் சரி. அந்தப் பாதையில் அவருக்கு முன்னால் நடந்தவர் ஒருவர் இருக்கிறார்: மாசசூசெட்ஸின் எட்வர்ட் புரூக். 1962 தேர்தலில் ஜெயித்து 1963 ஜனவரியில் அட்டர்னி ஜெனரல் ஆனார். அமெரிக்காவின் எந்த மாநிலத்திலும் அந்தப் பதவிக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் கறுப்பினத்தவர் அவர். செனட்டில் பதவியேற்றது 1967 ஜனவரி 3. கமலா செனட்டில் பதவியேற்றது 2017 ஜனவரி 3. நடுவில் சரியாக ஐம்பது வருடம்.

புரூக்குக்கு முன்னால் செனட்டில் உட்கார்ந்த கறுப்பினத்தவர்கள் இரண்டே பேர், ஹைரம் ரெவல்ஸும் பிளான்ச் புரூஸும். இருவருமே 1870களில் மிசிசிப்பி சட்டமன்றம் தேர்ந்தெடுத்து அனுப்பியவர்கள். மக்கள் நேரடியாக ஓட்டுப் போட்டு அனுப்பிய முதல் ஆள் புரூக்தான். அதுவும் ரிபப்ளிகன் கட்சியில், நூற்றுக்கு மூன்று பேர்கூடக் கறுப்பினத்தவர் இல்லாத ஒரு மாநிலத்தில்.

ஆனால் நான் இழை தொடங்கியது இந்த ‘முதல்’ பெருமைக்காக இல்லை. பாஸ்டன் பள்ளிகளில் கறுப்பினப் பிள்ளைகள் நடைமுறையில் தனியாகத்தான் இருந்தார்கள். அதை எதிர்த்து, கறுப்பின உரிமைக்காகப் போராடும் தேசிய அமைப்பான என்.ஏ.ஏ.சி.பி.யும் உள்ளூர் அமைப்புகளும் பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பாமல் நிறுத்தி, தேவாலயங்களில் ‘சுதந்திரப் பள்ளி’ நடத்தின. மாநிலச் சட்டப்படி இந்தப் புறக்கணிப்பு செல்லாது என்று கருத்துரை கொடுத்தது யார் தெரியுமா? அட்டர்னி ஜெனரல் புரூக்.

அவர் செய்தது சரி என்பது என் கட்சி. அந்த ஒரு கருத்துரையைப் புரிந்துகொண்டால் மனிதரின் மொத்த வாழ்க்கையும் பிடிபடும் என்றும் நினைக்கிறேன். அடிக்க வருகிறவர்கள் வரலாம்.

புதுவரவு எழுதியது:

அடிக்க வரவில்லை சார், ஒரு சந்தேகம். அட்டர்னி ஜெனரல் என்றால் நம்ம ஊரில் மாநில அரசுக்கு ஐகோர்ட்டில் வாதாடும் அட்வகேட் ஜெனரல் மாதிரியா? அவரை யாரும் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுப்பதில்லையே?

படிக்கட்டு_வக்கீல் எழுதியது:

நல்ல கேள்வி. வேலையில் கொஞ்சம் ஒற்றுமை, பதவியின் பலத்தில் மலைக்கும் மடுவுக்கும் தூரம்.

நம் அரசியலமைப்பில் 165ஆவது பிரிவு அட்வகேட் ஜெனரலைப் பற்றியது. ஆளுநர் நியமிப்பார், ஆளும் கட்சி யாரைச் சொல்கிறதோ அவர்தான். ஆட்சி மாறினால் பெட்டியைக் கட்ட வேண்டியதுதான். அமெரிக்காவில் 43 மாநிலங்களில் அட்டர்னி ஜெனரலை மக்களே தேர்ந்தெடுக்கிறார்கள். அதனால் கவர்னர் ஒரு கட்சி, அட்டர்னி ஜெனரல் எதிர்க்கட்சி என்று அமைவது சகஜம். 1962இல் மாசசூசெட்ஸில் நடந்தது அதுதான். கவர்னராக ஜெயித்தவர் டெமாக்ரட் எண்டிகாட் பீபடி, அட்டர்னி ஜெனரலாக ஜெயித்தவர் ரிபப்ளிகன் புரூக். அப்போது அங்கே பதவிக்காலம் இரண்டே வருடம். நிமிர்வதற்குள் அடுத்த தேர்தல்.

மாநிலத் துறைகள் சட்டச் சந்தேகம் கேட்டால் எழுத்தில் கருத்துரை தருவது, மாநிலத்தின் சார்பில் வழக்காடுவது, அரசு ஊழலை விசாரிப்பது எல்லாம் இவர் கையில். தினசரி நடக்கும் கொலை, கொள்ளை வழக்குகளை அந்தந்த கவுண்டியின் (நம்ம மாவட்டம் மாதிரி) அரசு வக்கீலான டிஸ்ட்ரிக்ட் அட்டர்னி பார்த்துக்கொள்வார். இந்தக் கடைசி விஷயத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

வரலாறு_டீச்சர் எழுதியது:

அந்தப் பதவிக்கு அவர் எப்படி வந்தார் என்பதையும் சேர்த்துக்கொள்வோம். அது இல்லாமல் சரி தப்பு பேசினால் அந்தரத்தில் நிற்கும்.

பிறந்தது 1919இல் வாஷிங்டன் நகரில். அப்பா முன்னாள் படைவீரர் நலத்துறையில் வக்கீல். வீட்டில் பசி பட்டினி கிடையாது. ஆனால் அந்த நகரமே நிறத்தால் பிரிந்து கிடந்தது. டன்பார் உயர்நிலைப் பள்ளி, ஹோவர்ட் பல்கலைக்கழகம் இரண்டும் கறுப்பினத்தவருக்கான நிறுவனங்கள், தரத்தில் யாருக்கும் சளைத்தவை அல்ல. 1941இல் பட்டம் வாங்கிய கையோடு போர். கறுப்பின வீரர்கள் மட்டுமே கொண்ட 366ஆவது காலாட்படைப் பிரிவு. மாசசூசெட்ஸில் இருந்த டெவன்ஸ் முகாமில் வைத்து, ராணுவ நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்ட சிப்பாய்களுக்காக வாதாடினார். கவனியுங்கள், அப்போது அவர் சட்டமே படித்திருக்கவில்லை! அப்புறம் இத்தாலி, அங்கே பார்ட்டிசான் என்கிற உள்நாட்டுக் கொரில்லாப் போராளிகளோடு தொடர்பு வேலை, வெண்கல நட்சத்திரப் பதக்கம். ஜெனோவா நகரத்துப் பெண் ரெமிஜியாவைச் சந்தித்ததும் அங்கேதான். 1947இல் கல்யாணம். 1948இல் பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் சட்டப் பட்டம். ராக்ஸ்பரியில் சொந்தமாக வக்கீல் அலுவலகம்.

தேர்தலில் அவர் முதலில் வாங்கியதெல்லாம் தோல்விதான். 1950இல் மாநிலச் சட்டமன்றத்துக்கு நின்றார். இரண்டு கட்சிப் பிரைமரியிலும் (கட்சி வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் முதல்கட்டத் தேர்தல்) பெயர் கொடுக்கலாம் என்ற வழக்கம் அப்போது அங்கே இருந்தது, கொடுத்தார். ரிபப்ளிகன் பக்கம் ஜெயித்தார், பொதுத்தேர்தலில் தோற்றார். அப்படித்தான் அவர் ரிபப்ளிகன் ஆனார்! 1952இல் மறுபடியும் தோல்வி. 1960இல் மாநிலச் செயலர் பதவிக்கு நின்று கெவின் ஒயிட்டிடம் தோற்றார். ஒயிட் தரப்பின் கார் ஸ்டிக்கரில் ‘ஒயிட்டுக்கு ஓட்டுப் போடுங்கள்’ என்று இருந்ததாம். பெயரைத்தான் சொன்னோம் என்று சாதிக்கலாம்தான்.

தூக்கம்வராதவன் எழுதியது:

டீச்சர், அந்த ஸ்டிக்கர் யோசனை கொடுத்த ஆள் நம்ம ஊரில் பிறந்திருந்தால் இந்நேரம் மந்திரி.

செங்கல்_தெரு எழுதியது:

பாஸ்டனிலிருந்து எழுதுகிறேன். டீச்சர் விட்ட இடத்தில் ஒரு பெயரைச் செருக வேண்டும்: எலியட் ரிச்சர்ட்சன்.

1960இல் தோற்றாலும் புரூக் நிறைய ஓட்டு வாங்கியிருந்தார். கவர்னர் ஜான் வோல்பி அவரைப் பாஸ்டன் நிதி ஆணையத்தின் தலைவராக்கினார். தூங்கிக் கிடந்த அந்த ஆணையத்தை எழுப்பி, நகராட்சியில் நடந்த ஊழல்களை வெளியே இழுத்துப் போட்டார் புரூக். பேப்பரில் தினம் பெயர் வந்தது. அதன் பலத்தில்தான் 1962இல் அட்டர்னி ஜெனரல் சீட் கேட்டார். எதிரே ரிச்சர்ட்சன்: ஹார்வர்ட், பழைய பாஸ்டன் குடும்பம், கட்சி மேலிடத்துக்கு வேண்டியவர். மாநாட்டில் மயிரிழையில் புரூக் ஜெயித்தார், பிரைமரியிலும் அவரே.

பின்னால் 1967இல் புரூக் காலி செய்த அட்டர்னி ஜெனரல் நாற்காலியில் உட்கார்ந்தவரும் இதே ரிச்சர்ட்சன்தான். இன்னும் கொஞ்சம் தள்ளி 1973 அக்டோபர் 20இல், நாட்டின் அட்டர்னி ஜெனரலாக இருந்த ரிச்சர்ட்சன், வாட்டர்கேட் விசாரணை வக்கீலை நீக்கச் சொன்ன நிக்சனின் உத்தரவை மறுத்து ராஜினாமா செய்தார். இரண்டு வாரம் கழித்து, நவம்பர் 4 அன்று, நிக்சன் பதவி விலக வேண்டும் என்று ரிபப்ளிகன் செனட்டர்களில் முதல் ஆளாகப் பகிரங்கமாகச் சொன்னவர் புரூக். ஒரு மாநிலக் கட்சி மாநாட்டில் மோதிக்கொண்ட இரண்டு பேர் பதினொரு வருடம் கழித்து ஒரே ஜனாதிபதியை ஆளுக்கொரு பக்கம் நின்று உலுக்கியிருக்கிறார்கள்.

மறுதரப்பு எழுதியது:

கதை நன்றாக இருக்கிறது. வக்கீல் சார் கேட்ட கேள்விக்கு வருகிறேன்.

//அவர் செய்தது சரி என்பது என் கட்சி//

சரியில்லை என்பது என் கட்சி. பாஸ்டனில் லூயிஸ் டே ஹிக்ஸ் தலைமையில் பள்ளிக் குழு என்ன சொல்லிக்கொண்டிருந்தது? எங்கள் பள்ளிகளில் பிரிவினையே இல்லை, அவரவர் குடியிருக்கும் இடத்தைப் பொறுத்துப் பிள்ளைகள் சேர்கிறார்கள், அவ்வளவுதான் என்றார்கள். 1974 ஜூனில் கூட்டாட்சி நீதிபதி ஆர்தர் கேரிட்டி தீர்ப்பில் என்ன சொன்னார்? பள்ளிக் குழு தெரிந்தே, திட்டமிட்டே பிரித்து வைத்திருந்தது என்றார். அதாவது பிள்ளைகளைத் தேவாலயத்துக்கு அனுப்பிய அம்மாக்கள் பத்து வருடத்துக்கு முன்பே சொன்னது அப்படியே உண்மை. அந்த அம்மாக்களிடம் போய், சட்டப்படி உங்கள் பிள்ளை பள்ளியில் இருக்க வேண்டும் என்று சொன்னவர் அந்த மாநிலத்தின் ஒரே கறுப்பின உயர் அதிகாரி. வெள்ளைக்காரர் யாராவது சொல்லியிருந்தால் எதிர்த்து நிற்பது சுலபம். இவர் வாயிலிருந்து வந்ததால் எதிர்த்தரப்புக்கு அது கேடயம்.

நான் சிவில் உரிமைத் தலைவன் அல்ல, மாநிலத்து மக்கள் எல்லோருக்கும் வேலை செய்கிறவன் என்பதுதான் அவர் அடிக்கடி சொன்ன பதில். 97 சதவீத வெள்ளை வாக்காளர்களுக்கு அது காதில் தேன். அரசியல் சாமர்த்தியம் என்று சொல்லுங்கள், ஒத்துக்கொள்கிறேன். தர்மம் என்று சொல்லாதீர்கள்.

படிக்கட்டு_வக்கீல் எழுதியது:

கனமான அடி. பதில் சொல்கிறேன்.

கருத்துரை கேட்டு வரும் கேள்விக்குத் தனக்குப் பிடித்த விடையை எழுதுவது அட்டர்னி ஜெனரலின் வேலை கிடையாது. சட்டப் புத்தகத்தில் என்ன இருக்கிறதோ அதைத்தான் எழுத வேண்டும். நியாயமான காரணத்துக்காகப் பிள்ளையைப் பள்ளியிலிருந்து நிறுத்தலாம் என்று அன்று புரூக் எழுதியிருந்தால், 1974இல் பேருந்துத் திட்டத்தை (பள்ளிகளில் இரண்டு நிறப் பிள்ளைகளும் கலந்து படிக்க, வேறு பகுதிப் பள்ளிகளுக்குப் பேருந்தில் அனுப்பச் சொன்ன கோர்ட் உத்தரவு) எதிர்த்துத் தங்கள் பிள்ளைகளை வீட்டிலேயே நிறுத்திய தென் பாஸ்டன் வெள்ளைப் பெற்றோர் அதே கடிதத்தைத்தானே தூக்கிக் காட்டியிருப்பார்கள்? அவர்கள் பார்வையில் அவர்களுக்கும் ஒரு ‘நியாயம்’ இருந்தது.

நீங்கள் சொன்ன கேரிட்டி தீர்ப்பே எனக்கும் சாட்சி. பள்ளிக் குழு திட்டமிட்டுச் செய்தது என்பது சாட்சியங்களோடு கோர்ட்டில் நிரூபணமானது. அப்படி நிரூபித்ததால்தான் அதை யாராலும் கலைக்க முடியவில்லை.

மறுதரப்பு எழுதியது:

சட்டப் புத்தகத்தில் இருப்பதை மட்டும் எழுதும் அதே கண்டிப்பான ஆள்தான், கொலைகாரனைக் கண்டுபிடிக்க ஞானதிருஷ்டிக்காரர் ஒருவரைத் தன் துறைக்குள் விட்டார். அதையும் கொஞ்சம் சொல்லுங்களேன்.

தூக்கம்வராதவன் எழுதியது:

என்னது! இதற்குத்தான் ராத்திரி இரண்டு மணிக்கு முழித்துக்கொண்டு இருக்கிறேன். சொல்லுங்கள் சொல்லுங்கள்.

வரலாறு_டீச்சர் எழுதியது:

பாஸ்டன் கழுத்து நெரிப்புக் கொலைகள். நான் சொல்கிறேன், வக்கீல் சார் மூச்சு விடட்டும்.

1962 ஜூனிலிருந்து 1964 ஜனவரி வரை பாஸ்டனிலும் சுற்று ஊர்களிலும் பெண்கள் தங்கள் வீட்டுக்குள்ளேயே கொல்லப்பட்டார்கள். பொதுவாகப் பதிமூன்று என்று கணக்குச் சொல்வார்கள். ஊர் நடுங்கிப் போனது. வக்கீல் சார் ஞாபகம் வைக்கச் சொன்ன விஷயம் இங்கேதான் வருகிறது. பாஸ்டன் சஃபோக் கவுண்டியில் இருக்கிறது. கேம்பிரிட்ஜ் மிடில்செக்ஸ் கவுண்டியில். லின், லாரன்ஸ், சேலம் மூன்றும் எசெக்ஸ் கவுண்டியில். ஒவ்வொன்றுக்கும் தனி டிஸ்ட்ரிக்ட் அட்டர்னி, ஒவ்வொரு ஊருக்கும் தனிப் போலீஸ். ஒருவர் கையில் இருக்கும் தகவல் அடுத்தவருக்குப் போகாது. 1964 ஜனவரியில் புரூக் எல்லா வழக்குகளையும் ஒரே கூரைக்குக் கீழே கொண்டு வந்தார். தனிப் பிரிவு ஒன்று அமைத்து, ஜான் பாட்டம்லி என்ற உதவி அட்டர்னி ஜெனரலைத் தலைவராகப் போட்டார். பாட்டம்லி அதுவரை பார்த்தது அரசு நிலம் எடுக்கும் வழக்குகள். கிரிமினல் வழக்கு அனுபவம் கிடையாது. விமர்சனம் அப்போதே கிளம்பியது.

ஞானதிருஷ்டிக்காரர் பீட்டர் ஹுர்கோஸ் என்கிற டச்சுக்காரர். அவருக்கான பணம் தனியார் கொடுத்தது, அரசுப் பணம் இல்லை. அவர் யாரோ ஒரு செருப்பு விற்பனையாளரைக் கை காட்டினார். ஒன்றும் தேறவில்லை. அட்டர்னி ஜெனரலின் பெயருக்கு அது நல்லதாக அமையவில்லை என்பதில் மறுதரப்போடு உடன்படுகிறேன்.

அப்புறம் 1965இல் ஆல்பர்ட் டிசால்வோ என்பவர் பாட்டம்லியிடம் கொலைகளை ஒப்புக்கொண்டார். ஆனால் அந்த வாக்குமூலத்தைக் கோர்ட்டில் பயன்படுத்துவதில்லை என்று அவருடைய வக்கீலோடு ஒப்பந்தம். கொலைகளுக்காக அவர் மீது வழக்கே நடக்கவில்லை. வேறு கொள்ளை, பாலியல் குற்றங்களுக்காக 1967இல் ஆயுள் தண்டனை. 1973இல் சிறையில் குத்திக் கொல்லப்பட்டார். கடைசியாக இறந்த இளம்பெண்ணின் வழக்கில் மட்டும் 2013இல் மரபணுச் சோதனை டிசால்வோவை உறுதி செய்தது. மற்றவை இன்றைக்கும் விவாதத்தில்தான் கிடக்கின்றன.

செங்கல்_தெரு எழுதியது:

நன்றி டீச்சர். ஒரு விஷயம் மட்டும். அந்த நிர்வாகச் சிக்கலை அவர் தீர்த்த விதம் பெரியது. ஐந்தாறு ஊர்ப் போலீஸின் தாள்களை ஒன்றாகச் சேர்த்து, அந்தக் காலத்துக் கம்ப்யூட்டரில் ஏற்றிப் பார்க்கும் முயற்சியெல்லாம் நடந்தது. ஹுர்கோஸ் விஷயத்தைத் தூக்கிப் பிடித்து அதை மறந்துவிடக் கூடாது.

ஊழல் பக்கமும் மறக்கக் கூடாது. முன்னாள் கவர்னர் ஃபோஸ்டர் ஃபர்கோலோ வரை குற்றச்சாட்டுப் போனது (பின்னால் அவர் மேல் இருந்தது கைவிடப்பட்டது). பெரிய மனிதர்கள் கூண்டில் ஏறுவதைப் பார்த்த ஜனங்கள் 1964இல் புரூக்குக்கு ஏறக்குறைய 8 லட்சம் ஓட்டு வித்தியாசம் கொடுத்தார்கள். அந்த வருடம் மாசசூசெட்ஸில் டெமாக்ரட் ஜனாதிபதி ஜான்சனின் அலை. ரிபப்ளிகன் ஜனாதிபதி வேட்பாளர் கோல்ட்வாட்டருக்கு ஆதரவு தர முடியாது என்று சொல்லிவிட்டுத்தான் புரூக் நின்றார். 1966 செனட் தேர்தலில் அவரிடம் 4 லட்சத்துக்கும் மேல் வித்தியாசத்தில் தோற்றவர் வேறு யாருமில்லை, பழைய கவர்னர் பீபடிதான்.

புதுவரவு எழுதியது:

செனட்டில் என்ன செய்தார்? இதுவரை படித்ததில் நல்ல நிர்வாகி, ஜாக்கிரதையான மனிதர் என்றுதான் தோன்றுகிறது.

படிக்கட்டு_வக்கீல் எழுதியது:

அங்கேதான் என் வாதத்தின் மறுபாதி. சட்டத்தில் இருப்பதைத்தான் சொல்வேன் என்று மாநிலத்தில் உட்கார்ந்திருந்தவர், சட்டத்தை எழுதும் இடத்துக்குப் போனதும் என்ன எழுதினார் என்று பாருங்கள்.

1967 கோடையில் டெட்ராய்ட், நியூவார்க் எல்லாம் இனக் கலவரத்தில் எரிந்தன. ஜான்சன் பதினொரு பேர் கொண்ட கெர்னர் ஆணையத்தை அமைத்தார். புரூக் அதில் ஒருவர். 1968 மார்ச்சில் வந்த அறிக்கை, நாடு ஒன்று கறுப்பு, ஒன்று வெள்ளை என இரண்டு சமூகங்களாகப் பிரிந்துகொண்டிருக்கிறது என்று சொன்னது. அந்த அறிக்கை அச்சாகிக்கொண்டிருந்த அதே நாட்களில் செனட்டில் வீட்டு உரிமை மசோதா ஓடிக்கொண்டிருந்தது. நிறம் பார்த்து வீடு விற்க மறுப்பதும், வாடகைக்கு விட மறுப்பதும் சட்டவிரோதம் என்ற மசோதா. கொண்டு வந்தவர்கள் இருவர்: புரூக், மினசோட்டாவின் வால்டர் மாண்டேல். மாண்டேலும் முன்னாள் மாநில அட்டர்னி ஜெனரல்!

தெற்கத்திய செனட்டர்கள் பேசிப் பேசியே மசோதாவைக் கொல்லப் பார்த்தார்கள். பேச்சை முடிக்க மூன்றில் இரண்டு பங்கு ஓட்டு வேண்டும். மசோதாவின் ஆதரவாளர்கள் மூன்று முறை முயன்று தோற்றார்கள். போரிலிருந்து பதக்கத்தோடு திரும்பிய தனக்கு விருப்பமான இடத்தில் வீடு வாங்க முடியாமல் போனதைப் புரூக் சபையில் சொன்னார். மார்ச் 4ஆம் தேதி நாலாவது முயற்சியில் 65க்கு 32. ஒரே ஒருவர் மாற்றிப் போட்டிருந்தாலும் தோற்றிருக்கும். செனட்டில் தேறி மசோதா கீழ்ச்சபையில் நின்றபோது ஏப்ரல் 4 அன்று மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்டார். ஏப்ரல் 11 அன்று ஜான்சன் கையெழுத்துப் போட்டார்.

மறுதரப்பு சார், பிள்ளைகள் எந்தப் பள்ளிக்குப் போகிறார்கள் என்பது எங்கே குடியிருக்கிறார்கள் என்பதைப் பொறுத்தது என்றுதானே பாஸ்டன் பள்ளிக் குழு சாக்குச் சொன்னது? அந்தச் சாக்கின் வேரிலேயே கை வைத்த சட்டம் இது.

செங்கல்_தெரு எழுதியது:

வீட்டு உரிமைச் சட்டத்தைப் பற்றி எல்லோரும் பேசுவார்கள். இங்கே ஏழை வீடுகளில் புரூக்கின் பெயர் நிலைத்திருப்பது வேறொன்றால்: 1969இல் அவர் கொண்டு வந்த வாடகைத் திருத்தம். என் வேலையே குறைந்த வருமானக் குடியிருப்புச் சம்பந்தப்பட்டது, அதனால் கொஞ்சம் நீட்டுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அரசுக் குடியிருப்புகளை நடத்துவது உள்ளூர் வீட்டு வசதி ஆணையங்கள். கட்டடம் கட்ட மத்திய அரசு பணம் கொடுக்கும். பராமரிப்பை வாடகையில் பார்த்துக்கொள்ள வேண்டும் என்பது ஏற்பாடு. கட்டடம் பழசாகப் பழசாகச் செலவு ஏறியது, வாடகையையும் ஏற்றினார்கள். வருமானத்தில் பாதிக்கு மேல் வாடகைக்கே கொடுத்த குடும்பங்கள் உண்டு. 1969இல் செயின்ட் லூயிஸ் நகரத்தில் குடியிருப்பவர்கள் வாடகை தர மறுத்து மாதக்கணக்கில் போராடினார்கள். முன்னணியில் நின்றவர்கள் பெரும்பாலும் கறுப்பினப் பெண்கள். அந்தச் சூட்டில்தான் திருத்தம் வந்தது: வருமானத்தில் 25 சதவீதத்துக்கு மேல் வாடகை வாங்கக் கூடாது. மாதம் 200 டாலர் வருகிற வீட்டில் வாடகை 50 டாலரைத் தாண்டக் கூடாது, அவ்வளவுதான் கணக்கு.

ஆணையங்களுக்கு வரவு விழுந்தது. அந்தப் பள்ளத்தை மத்திய அரசு மானியம் கொடுத்து நிரப்ப வேண்டியதாயிற்று; நிரப்பியது போதவில்லை என்பது இன்றுவரை புகார். சம்பளம் கூடினால் வாடகையும் கூடுமே என்று கொஞ்சம் வசதி வந்த குடும்பங்கள் வெளியேறியதும் நடந்தது. இதெல்லாம் உண்மை. 1981இல் 25ஐ 30 ஆக்கினார்கள். இன்று அமெரிக்காவில் வீட்டுச் செலவு தாங்கக்கூடியதா என்று அளக்க எல்லோரும் சொல்லும் அந்த 30 சதவீதக் கணக்கு நிலைத்ததில் இந்தத் திருத்தத்துக்குப் பெரிய பங்கு உண்டு. எங்கள் அலுவலகத்தில் மூத்தவர்கள் இன்றும் வாடகைக் கணக்கை ‘புரூக் வாடகை’ என்றே சொல்வார்கள்.

மறுதரப்பு எழுதியது:

வாடகைத் திருத்தம் பெரிய வேலை, அதில் எனக்குத் தகராறே இல்லை. ஆனால் செங்கல்_தெரு, உங்கள் பதிவிலேயே விடை இருக்கிறதே. செயின்ட் லூயிஸில் பெண்கள் வாடகை கொடுக்காமல் சட்டத்தை மீறியதால்தான் திருத்தம் வந்தது. அங்கே ஒரு அட்டர்னி ஜெனரல் ‘வாடகை கொடுக்காதது சட்டவிரோதம்’ என்று கருத்துரை எழுதி, எல்லோரும் கேட்டுக்கொண்டு வீட்டுக்குப் போயிருந்தால்? பாஸ்டன் அம்மாக்கள் செய்ததும் அதேதானே. தெருவில் யாரோ மீறுகிறார்கள், சபையில் புரூக் அதைச் சட்டமாக்குகிறார். இரண்டாவது ஆளை மட்டும் கொண்டாடுகிறோம்.

படிக்கட்டு_வக்கீல் எழுதியது:

இதற்கு என்னிடம் முழுப் பதில் இல்லை, ஒத்துக்கொள்ள வேண்டியதுதான். இருந்தாலும் சட்டத்தை மீறுகிறவர்கள் தாங்கள் மீறுகிறோம் என்று தெரிந்தேதான் மீறினார்கள், அதில்தான் அவர்கள் பலம். அட்டர்னி ஜெனரல் அதை மீறல் இல்லை என்று சொல்லித்தர வேண்டியதில்லை.

வரலாறு_டீச்சர் எழுதியது:

இருவரும் மூச்சு வாங்கும்போது நிக்சன் காலத்தைச் சொல்லிவிடுகிறேன். 1968இல் நிக்சனுக்காகப் பிரசாரம் செய்தவர் புரூக். ஆனால் உச்ச நீதிமன்றத்துக்கு நிக்சன் பரிந்துரைத்த முதல் தெற்கத்திய நீதிபதி ஹேன்ஸ்வொர்த்தை எதிர்த்து ஓட்டுப் போட்டார். 55க்கு 45இல் பெயர் விழுந்தது. அடுத்து வந்த கார்ஸ்வெல், 1948இல் தேர்தலுக்கு நின்றபோது வெள்ளையர் மேலாதிக்கத்தில் நம்பிக்கை உண்டு என்று மேடையில் பேசியவர். புரூக் முன்னால் நின்று எதிர்த்தார். மெய்ன் மாநிலத்தின் மார்கரெட் சேஸ் ஸ்மித் ஆதரிக்கப் போகிறார் என்று வெள்ளை மாளிகை தரப்பில் வதந்தி விட்டார்கள். அது புரூக் காதுக்கு வந்ததும் நேராக அந்த அம்மாவிடமே போய்ச் சொன்னார். தன் பெயரைத் தன்னைக் கேட்காமல் பயன்படுத்தினார்கள் என்று அம்மாவுக்குக் கோபம். எதிர்த்தே ஓட்டுப் போட்டார். 1970 ஏப்ரல் 8, 51க்கு 45இல் கார்ஸ்வெல்லும் காலி.

பாஸ்டன் பேருந்துத் திட்டத்திலும் அவர் பின்வாங்கவில்லை. 1974இல் நகரமே கொதித்தபோது மாநிலத்தின் இன்னொரு செனட்டரான டெட் கென்னடியையே கூட்டத்தில் விரட்டினார்கள். அந்த நேரத்தில் பேருந்துத் திட்டத்துக்கு எதிரான திருத்தங்களைச் செனட்டில் ஒவ்வொன்றாக நின்று எதிர்த்தவர் புரூக். 1975இல் எதிர்ப்பக்கம் நின்றவர்களில் இளைஞர் ஜோ பைடனும் ஒருவர். மறுதரப்பு சார், கேரிட்டி தீர்ப்பு வந்த பிறகு அதன் பக்கம்தான் நின்றார் என்பதைக் கணக்கில் எடுங்கள். ஓட்டுக்காகச் செய்கிறவர் அன்று பாஸ்டனில் அதைச் செய்திருக்க மாட்டார்.

தூக்கம்வராதவன் எழுதியது:

அதனால்தான் 1978இல் தோற்றாரா?

செங்கல்_தெரு எழுதியது:

அதுமட்டும் என்று சொல்ல முடியாது. விவாகரத்து. 1978 மே மாதம் பாஸ்டன் குளோப் ஒரு செய்தி போட்டது. விவாகரத்து வழக்கில் சத்தியம் செய்து கொடுத்த வாக்குமூலத்தில், நண்பரிடம் வாங்கியதாகச் சொன்ன ஒரு கடனைப் பற்றிப் புரூக் பொய் சொல்லியிருந்தார். அவரே ஒப்புக்கொண்டார். சட்டத்தையே மூச்சாக வைத்திருந்த ஆள் சத்தியப் பிரமாணத்தில் சறுக்கினால் ஜனங்கள் எப்படி எடுத்துக்கொள்வார்கள்? பிரைமரியிலேயே வலதுசாரி வானொலிப் பேச்சாளர் அவி நெல்சன் போட்டி கொடுத்துக் களைக்க வைத்தார். நவம்பரில் லோவல் ஊர்க்காரர் பால் சாங்கஸ் 55க்கு 45 என்று தோற்கடித்தார்.

இங்கே நியூ சார்டன் தெருவில் 2000இலிருந்து அவர் பெயரில் ஒரு கோர்ட் கட்டடம் இருக்கிறது. வாடகைத் தகராறு பார்க்கும் வீட்டு வழக்கு நீதிமன்றம் அதற்குள்தான். விவாகரத்து வழக்குகள் நடக்கும் குடும்ப நீதிமன்றமும் அதற்குள்தான். வேண்டுமென்று யாரும் அப்படி வைத்திருக்க மாட்டார்கள், ஆனாலும் உள்ளே போகும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பு வரும்.

புதுவரவு எழுதியது:

அதற்குப் பிறகு அரசியல் இல்லையா?

வரலாறு_டீச்சர் எழுதியது:

தேர்தல் இல்லை. வாஷிங்டனில் வக்கீல் தொழில். இரண்டாம் உலகப்போரில் ஜப்பானிய அமெரிக்கர்களை முகாமில் அடைத்ததை விசாரித்த ஆணையத்தில் உறுப்பினர். உயிரோடு இருந்த ஒவ்வொருவருக்கும் 20,000 டாலர் தரச் சொன்னது அந்த ஆணையம்தான். 2002இல் அவருக்கு மார்பகப் புற்றுநோய். ஆண்களுக்கும் வரும் என்று வெளிப்படையாகப் பேசினார். 2004இல் ஜனாதிபதியின் சுதந்திரப் பதக்கம், 2009இல் நாடாளுமன்றத் தங்கப் பதக்கம். 2015 ஜனவரி 3 அன்று 95 வயதில் காலமானார். 1978இல் அவர் தோற்ற பிறகு செனட்டுக்கு அடுத்த கறுப்பின உறுப்பினர் வர 1993 ஆகிவிட்டது: இல்லினாய்ஸின் கேரல் மோஸ்லி பிரான்.

மறுதரப்பு எழுதியது:

டீச்சர் சொன்ன பேருந்துத் திட்ட விஷயம் என் தராசைக் கொஞ்சம் அசைக்கிறது. ஆனால் பள்ளிப் புறக்கணிப்பில் மாறவில்லை. கருத்துரை எழுதியது தவிர்க்க முடியாதது என்றே வைத்துக்கொள்வோம். அதோடு நிறுத்தாமல் பள்ளிக் குழுவின் பக்கமும் திரும்பி, நீங்கள் செய்வது சட்டப்படி சரியா என்று அதே பதவியின் பலத்தோடு அதே சத்தத்தில் கேட்டிருக்க வேண்டும் என்பதுதான் என் வழக்கு. வக்கீல் சார் இதுவரை அதைத் தொடவில்லை.

படிக்கட்டு_வக்கீல் எழுதியது:

தொடுகிறேன், நாளைக்கு. அன்றைய மாசசூசெட்ஸ் சட்டத்தில் பள்ளிக் குழுக்கள் மேல் அட்டர்னி ஜெனரலுக்கு என்ன பிடி இருந்தது என்று பார்க்காமல் எழுதினால் நீங்கள் விடமாட்டீர்கள்.

புதுவரவு எழுதியது:

அதற்குள் இன்னொன்று. மாண்டேலும் அட்டர்னி ஜெனரல் என்றீர்களே, அவர் அந்தப் பதவியில் ஏதாவது செய்தாரா?

படிக்கட்டு_வக்கீல் எழுதியது:

செய்தார். குற்றம் சாட்டப்பட்டவரிடம் காசில்லை என்றால் அரசே வக்கீல் வைத்துத் தர வேண்டும் என்று 1963இல் உச்ச நீதிமன்றம் சொன்ன கிடியன் வழக்கில், எதிர்த்தரப்பான புளோரிடா மாநிலம் தன் பக்கம் வரச் சொல்லி மற்ற மாநில அட்டர்னி ஜெனரல்களுக்குக் கடிதம் எழுதியது. மாண்டேல் நேர்மாறாக, கைதி கிடியன் பக்கம் 22 மாநிலங்களைத் திரட்டினார். அது பெரிய கதை, தனி இழையில் கேளுங்கள். இங்கே ஆரம்பித்தால் மாடரேட்டர் வந்து பூட்டிவிடுவார்.